இரண்டு தூர் மாசிபத்திரி

1

பிள்ளையாரைக் கரைத்து இன்றோடு நான்கு நாட்கள் ஆகின்றன. எங்கள் காலனியில் இந்த ஆண்டு ஆறு பந்தல்கள். போன ஆண்டு ஐந்து. ஒலிபெருக்கி ஓய்ந்துவிட்டது. பந்தல் போட்ட குழிகளை மட்டும் யாரும் மூடவில்லை. நடைப்பயிற்சிக்குப் போகும் வழியில் இருபத்து மூன்று குழிகள் இருக்கின்றன.

“ஹைதராபாத் எல்லாம் ஒரு வெளியூரா? நீ என்ன கனடாவிலயா இருக்க?” என்று கோவையில் இருக்கும் என் தம்பி கேலி செய்வான். ஒரு பகலும் ஓர் இரவும் ரயிலில் உட்கார்ந்தால் வந்துவிடுகிற ஊர்தான். ஆனால் முப்பத்து மூன்று வயதில் வந்தவன், எழுபத்து நான்கு வயதிலும் இங்கேதான் இருக்கிறேன். இந்த நாற்பத்தொரு ஆண்டுகளில் சொந்த ஊரான கோத்தகிரிக்கு இருபத்து மூன்று முறை போயிருக்கிறேன். மாமா, அத்தை என்று அழைக்க அங்கே யாருமில்லாமல் போனபின் ஒரு முறைகூடப் போகவில்லை.

இவ்வளவு எண்ணி வைத்திருக்கிறவன் ஓர் எண்ணிக்கையை மட்டும் பொய்யாகச் சொன்னேன். ஓராண்டாக அந்த எண் இந்தக் காலனியில் என் பெயரோடு ஒட்டிக்கொண்டு திரிகிறது. அதைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

2

என் பேத்தி மானஸ்விக்குப் பன்னிரண்டு வயது. மழை தொடங்கினால் அவளுக்கு மூச்சிரைக்கும். போன ஆண்டு ஆடி மாதத்தில் மூன்று முறை மருத்துவமனைக்கு ஓடினோம். மூன்றாவது முறை டாக்டர், “வீட்டைச் சுற்றிப் பார்த்தீனியம் இருக்கிறதா?” என்று கேட்டார். இருக்கிறதாவா! எங்கள் வீட்டுக்கு இடப்பக்கம் ஒரு காலி மனை. அதன் சொந்தக்காரர் அமெரிக்காவில் இருக்கிறார். அந்த மனையிலிருந்து கிளம்பிய பார்த்தீனியம் தெருவின் இரண்டு ஓரங்களிலும் இடுப்பளவு நின்றது.

வார்டு அலுவலகத்துக்கு மூன்று முறை நேரில் போனேன். நான்கு மனுக்கள் எழுதினேன். தெலுங்கில் அந்தச் செடிக்கு ‘வய்யாரி பாமா’ என்று பெயர். ஒயிலான பெண் என்று பொருள். என் தெலுங்கு நாற்பத்தொரு ஆண்டுகளாக அரை வேக்காட்டில் நிற்கிற தெலுங்கு. “என் வீட்டு வாசலில் ஒரு வய்யாரி பாமா நிற்கிறாள், உடனே அப்புறப்படுத்துங்கள்” என்கிற மாதிரி எதையோ சொல்லிவிட்டேன் போலிருக்கிறது. எழுத்தர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, “இந்த வயசிலயா சார்?” என்று கேட்டார். அந்த அறையில் இருந்த ஐந்து பேரும் சிரித்தார்கள். பத்து நாள் கழித்து, ‘உங்கள் புகார் தீர்க்கப்பட்டது’ என்று கைபேசிக்குச் செய்தி வந்தது, சாட்சிக்கு ஒரு புகைப்படத்தோடு. படத்தில் சுத்தமான காலி மனை ஒன்று இருந்தது. அதன் மூலையில் ஒரு தென்னை மரம். எங்கள் பக்கத்து மனையில் தென்னையே கிடையாது.

நானே பிடுங்குவது என்று முடிவு செய்தேன். என் மருமகள் ஸ்வாதி இதே ஊரில், மல்காஜ்கிரியில், ரயில்வேத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்து வளர்ந்தவள். அவளுடைய தமிழ் தனி ரகம்: ஏன் என்பது ‘கைக்கு’, வேண்டாம் என்பது ‘நக்கோ’, ஆமாம் என்பது ‘ஹவ்’.

“மாமா, உங்களுக்குக் கைக்கு இந்த வேலை? நக்கோ. ஆளு வச்சுப் பண்ணிக்கலாம்.”

“ஆளு வச்சா வேரோட பிடுங்க மாட்டான்மா.”

“ஹவ், நீங்க வேரை எண்ணிக்கிட்டே பிடுங்குவீங்க. அப்புறம் முதுகு புடிச்சுக்கும், நான்தான் தைலம் தேய்க்கணும்.”

சொன்னாளே தவிர, தடித்த ரப்பர்க் கையுறையும் இரட்டை மடிப்பு முகமூடியும் வாங்கிக் கொடுத்தவள் அவள்தான். அந்தச் செடி தோலில் பட்டால் அரிக்கும், பூந்தூள் மூக்கில் ஏறினால் எனக்கே இரைக்கும்.

3

ஆறு நாட்கள், காலை ஆறு மணியிலிருந்து எட்டு மணி வரை பிடுங்கினேன். ஆறாம் நாள் சுபத்ராம்மா வீட்டு ஓரத்துக்கு வந்தேன். எங்கள் வீட்டுக்கு நேர் எதிர் வீடு. அவர் கணவர் ராணுவத்தில் சுபேதாராக இருந்து ஓய்வு பெற்றவர். இறந்து ஆறு ஆண்டுகள் ஆகின்றன. அந்த வாரம் சுபத்ராம்மா விஜயவாடாவில் மகள் வீட்டில் இருந்தார்.

அவர் வீட்டு மதிலுக்கும் சாலைக்கும் நடுவில் மூன்றடி மண் உண்டு. அதில் நந்தியாவட்டை, செம்பருத்தி, இரண்டும் நிற்கும். அவற்றின் நிழலில் இரண்டு தூர் மாசிபத்திரி. சுபேதார் நீலகிரியில், வெலிங்டனில் இருந்துவிட்டு மாற்றலாகி வந்தபோது ஈரச் சாக்கில் சுற்றி இரண்டு வேர்த்துண்டுகள் கொண்டுவந்து நட்டது. நட்ட அன்றைக்கு என்னை வாசலுக்குக் கூப்பிட்டு, “மீ ஊரி மொக்க சார்!” என்றார். உங்கள் ஊர்ச் செடி! நான் “ஆமாம் ஆமாம்” என்று தலையாட்டிவிட்டு ஆபீஸ் பஸ்ஸைப் பிடிக்க ஓடினேன்.

உண்மையிலேயே எங்கள் ஊர்ச் செடிதான். கோத்தகிரியில் தேயிலைத் தொழிற்சாலைக்குப் போகிற பாதையின் இரண்டு பக்கமும் ஆளுயரம் நிற்கும். அட்டை கடித்த இடத்தில் கசக்கித் தேய்ப்போம். மழையில் நனைந்து வந்தால் சட்டையெல்லாம் அந்தக் கார வாசனை இருக்கும். அங்கே அதற்கு மதிப்பு ஒன்றும் கிடையாது. இங்கே பிள்ளையார் சதுர்த்திக்கு இருபத்தொரு வகை இலை வைத்துப் பூஜை செய்கிறார்கள். அந்த இருபத்தொன்றில் முதல் இலை மாசிபத்திரி. எருக்கம்பூ மாலையும் அருகம்புல்லும் போதும் என்று வளர்ந்த எங்களுக்கு, ஒவ்வோர் ஆண்டும் இருபத்தொரு இலையையும் ஒரு தட்டில் வைத்து சுபத்ராம்மா கொடுத்தனுப்புவார். என் மனைவி இருந்தவரை அவள் வாங்கிக்கொள்வாள்; பிறகு நான் வாங்கிக்கொண்டேன். தட்டில் இருபத்தொன்று இருக்கிறதா என்று எண்ணுவேன். எது எந்த இலை என்று ஒரு நாளும் பார்த்ததில்லை.

பூக்காத பருவத்தில் பார்த்தீனியத்தின் இலையும் மாசிபத்திரியின் இலையும் மேலே பார்க்க ஒன்றுபோல வெட்டுவெட்டாக இருக்கும். இரண்டும் ஒரே செவ்வந்திக் குடும்பம் என்று பின்னால் படித்துத் தெரிந்துகொண்டேன். மூக்கில் முகமூடி, கையில் ரப்பர். சுபத்ராம்மா வீட்டு ஓரத்தில் ஒன்பது பார்த்தீனியம் பிடுங்கினேன். அவற்றோடு இந்த இரண்டையும். பார்த்தீனியம் ஒரே ஆணிவேரோடு சுலபமாக வந்துவிடும். இவை இரண்டும் வரவில்லை. வேர் பக்கவாட்டில் ஓடியிருந்தது. ‘என்ன இது, மாட்டேன் என்கிறதே’ என்று எரிச்சலோடு கைப்பாரையைப் போட்டு நெம்பி எடுத்தேன்.

எட்டு மணிக்குக் குழாயடியில் முகமூடியைக் கழற்றினேன். கையுறையைக் கழுவும்போது அந்த வாசனை வந்தது. அறுபது ஆண்டுகளுக்கு முந்தைய மழைச் சட்டையின் வாசனை.

தெருமுனையில் குவித்திருந்த இடத்துக்குப் போய்ப் புரட்டிப் பார்த்தேன். இலையின் அடிப்பக்கம் வெள்ளையாக, பஞ்சு பூசினாற்போல இருந்தது. பார்த்தீனியத்துக்கு அது கிடையாது. வேரில் இன்னும் ஈரமண் ஒட்டியிருந்தது. ஒரு கைப்பாரை, ஒரு வாளித் தண்ணீர், பத்து நிமிட வேலை. நட்டிருக்கலாம்.

அந்த நேரம் பார்த்துக் காலனிச் சங்கச் செயலாளர் கைபேசியோடு வந்தார். “அங்கிள், டோட்டல் கித்னே ஹுவே?” மொத்தம் எத்தனை என்கிறார்.

அப்போதுதான் தப்பு என்று தெரிந்த ஒரு கணக்கை, “தோ சௌ சௌதா” என்றேன். இருநூற்றுப் பதினான்கு. குவியலுக்குப் பக்கத்தில் நிற்கவைத்துப் படம் எடுத்தார். அந்தப் படம் இன்றும் காலனிக் குழுவில் இருக்கிறது. என் இடது கால் கொஞ்சம் முன்னால் நீண்டிருக்கும். அந்தக் காலுக்குப் பின்னால்தான் இரண்டு தூரும் கிடந்தன.

மாலையில் யாரும் பார்க்காதபோது எடுத்து நட்டுவிடலாம் என்று நினைத்தேன். மாலையில் மழை பிடித்துக்கொண்டது. மறுநாள் ஆறரைக்குப் போனபோது குப்பை ஆட்டோ வந்து போயிருந்தது.

4

சதுர்த்திக்கு இரண்டு நாள் முன்னால் சுபத்ராம்மா ஊரிலிருந்து திரும்பினார். பெட்டியை வாசலில் வைத்தவர் உள்ளே போகாமல் அந்த மூன்றடி மண்ணைப் பார்த்தபடியே நின்றார். நான் எங்கள் மாடியிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

எங்கள் தெருவில் மூன்று வீட்டுத் தோட்டங்களை யாதம்மா என்கிற பெண் பார்த்துக்கொண்டிருந்தாள். ஐம்பது வயதிருக்கும். சுபத்ராம்மா வீடு, எங்கள் வீடு, கோடியில் ஒரு டாக்டர் வீடு. சதுர்த்தி நாட்களில் நேரேட்மெட் நாற்சந்தியில் அவளும் அவள் தங்கையும் பத்திரி என்கிற பூஜை இலைக் கட்டுகள் விற்பார்கள். அது போதாதா? சுபத்ராம்மா அவளைக் கூப்பிட்டு விசாரித்தார். குரல் உயர்ந்ததும் கதவுகள் திறந்தன. நானும் இறங்கிப் போனேன். போகாமல் இருந்திருக்கலாம்.

யாதம்மா ஒரே வாக்கியத்தைத்தான் திரும்பத் திரும்பச் சொன்னாள். “நேனு தீயலேதம்மா.” நான் எடுக்கலைம்மா. அந்த வாக்கியத்தை ஏழு முறை சொன்னாள்.

சுபத்ராம்மா என் பக்கம் திரும்பினார். வெலிங்டன் சந்தையில் கற்ற தமிழில்தான் என்னோடு பேசுவார்.

“அண்ணய்யகாரு, நீங்க டெய்லி காலையில இங்கதானே நிக்கறீங்க. யாரு எடுத்தாங்க, பாத்தீங்களா? அவரு நட்டது அண்ணய்யகாரு. அவரு கையால நட்டது அது ஒண்ணுதான் பாக்கி இருந்துச்சு.”

“கவனிக்கலைம்மா” என்றேன்.

யாதம்மா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு தன் செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டாள்.

அன்று இரவுச் சாப்பாட்டின்போது ஸ்வாதி, “இனிமே அவளை நம்ம கேட்டுக்குள்ள விட வேணாம் மாமா. நம்ம கைப்பாரை, வாளி எல்லாம் இருக்கான்னு நீங்க ஒருவாட்டி எண்ணிப் பாத்துருங்க” என்றாள்.

“சரிம்மா” என்றேன். எண்ணியும் பார்த்தேன். எல்லாம் இருந்தன.

5

நான் முப்பத்தொரு ஆண்டுகள் பாதுகாப்புத் துறையின் ஒரு பண்டகசாலையில் வேலை பார்த்தவன். ஆண்டுக்கொரு முறை ஒவ்வொரு பொருளையும் எண்ணிப் பதிவேட்டோடு ஒப்பிடுவோம். எங்கேயாவது குறைந்தால் விளக்கம் கேட்டு மேலிருந்து கீழே ஒரு தாள் இறங்கும். அதிகாரி கண்காணிப்பாளரைக் கேட்பார், கண்காணிப்பாளர் எழுத்தரைக் கேட்பார், கடைசியில் அது மூட்டை தூக்குகிறவனிடம் போய் நிற்கும். அவனுக்குக் கீழே கேட்க ஆளில்லை. அதனால் அவன்தான் பதில் சொல்ல வேண்டும். அந்தத் தாளில் நான் எத்தனை முறை கையெழுத்துப் போட்டிருக்கிறேன் என்று மட்டும் எண்ணி வைக்கவில்லை.

போன ஆண்டு சுபத்ராம்மா இருபது இலையோடு பூஜை செய்தார். முதல் பெயரைச் சொல்லி இலைக்குப் பதிலாக அட்சதை போட்டதாகச் சொன்னார். எங்கள் வீட்டுக்குத் தட்டு வந்தது. அதிலும் இருபதுதான்.

6

இந்த ஆண்டு சதுர்த்திக்கு முந்தைய நாள் காலை, பத்திரி வாங்க நேரேட்மெட் நாற்சந்திக்குப் போனேன். வேறு வேலையாகப் போகிறவனைப் போல நடந்தேன். ஆனால் அவளைத் தேடித்தான் போனேன். வரிசையில் ஒன்பதாவது கோணிப்பை அவளுடையது.

“ஏம் காவாலி சார்?” என்றாள், முன்பின் தெரியாதவனிடம் ‘என்ன வேண்டும்’ என்று கேட்பதுபோல.

எல்லாக் கடைகளிலும் மாசிபத்திரி என்று எதையோ கட்டி வைத்திருந்தார்கள். இவள் வைத்திருந்ததில் ஒரு கொழுந்தைத் திருப்பினேன். அடிப்பக்கம் வெள்ளை. மோந்து பார்த்தேன்.

இனி நாங்கள் பேசியதைத் தமிழில் எழுதுகிறேன். அவள் பேசியது இந்தப் பக்கத்துத் தெலுங்கு. நான் பேசியது எந்தப் பக்கத்துத் தெலுங்கு என்று தெரியவில்லை.

“இது எங்க கிடைச்சது யாதம்மா?”

“மார்க்கெட்ல.”

“இது மார்க்கெட்ல கிடைக்காது.”

அவள் கட்டைப் பிடுங்கிக் கோணிக்கு அடியில் வைத்தாள். “வாங்கறதுன்னா வாங்குங்க, இல்லேன்னா நகருங்க சார். போன வருசம் பட்டது போதும்.”

“அதைப் பிடுங்கினது நான்தான்” என்றேன்.

“தெரியும்.”

பக்கத்தில் இருந்த அவள் தங்கை பூக்கட்டுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.

“சாயங்காலம் தண்ணி ஊத்த வந்தேன். செடியக் காணோம். தெருமுனைல உங்க குப்பைல கிடந்துச்சு. இந்தத் தெருவுல குப்பையக்கூட வரிசையா அடுக்கி வைக்கறது நீங்க ஒருத்தர்தான். மழை கொட்டுது. அம்மா வந்ததும் நட்டுக் குடுக்கலாம்னு வீட்டுக்குத் தூக்கிட்டுப் போய் பெயிண்ட் வாளில வச்சேன். இப்ப ஏழு கிளை விட்டிருக்கு.”

“அப்புறம் ஏன் சொல்லலை?”

“அம்மா என்னைக் கேக்கறதுக்கு முன்னாடியே திருடின்னு சொல்லிட்டாங்க. அதுக்கப்புறம் வாளியத் தூக்கிட்டு வந்தா என்ன சொல்லுவாங்க? பாத்தியா, திருடி பயந்துபோய்க் கொண்டுவந்துட்டான்னு சொல்லுவாங்க.” ஒரு கட்டு அருகம்புல்லை எடுத்து உதறினாள். “அம்மா உங்களைக் கேட்டாங்கல்ல? அப்ப நான் உங்க வாயத்தான் பாத்துக்கிட்டிருந்தேன். பெரியவரு, சொல்லிருவாருன்னு.”

“மறுபடியும் வேலைக்கு...” என்று தொடங்கினேன்.

“வேலை எனக்கு நிறைய இருக்கு. யாப்ரால் பக்கம் அஞ்சு வீடு. ஆனா உங்க தெரு வழியாப் போனா பத்து நிமிசத்துல போயிருவேன். ஒரு வருசமா சுத்திக்கிட்டுப் போறேன்.”

அவள் தங்கை குறுக்கிட்டாள். “அக்கா, கட்டைக் குடுத்தனுப்பு. நேரமாகுது. பாவம், பெரியவர் அழுதுருவாரு போலருக்கு.”

“அழட்டும்” என்றாள் யாதம்மா. ஆனால் கட்டை எடுத்துக் கொடுத்தாள்.

7

அங்கிருந்து நேராக சுபத்ராம்மா வீட்டுக்குப் போனேன். எங்கள் வீட்டு வாசலில் கால் வைத்தால் மறுபடி ஓராண்டு ஆகிவிடும் என்று பயம். அவர் கூடத்தில் பிள்ளையாருக்கு மேலே கட்டுகிற மரச்சட்டத்துக்கு மஞ்சள் பூசிக்கொண்டிருந்தார். நின்றபடியே சொன்னேன். பிடுங்கியது, வாசனை, படம், மழை, ‘கவனிக்கலைம்மா’, வாளி. ஒன்றையும் விடவில்லை.

அவர் கொழுந்தைக் கையில் வாங்கித் திருப்பிப் பார்த்தார். மோந்தார். நாற்காலி இருந்தும் தரையிலேயே உட்கார்ந்துகொண்டார்.

“உயிரோட இருக்கா?” என்றார்.

“ஏழு கிளை விட்டிருக்காம். யாதம்மா வீட்ல.”

“நான் அவளை என்னென்ன சொன்னேன், அண்ணய்யகாரு.”

“தப்பு என்னுதும்மா.”

“என்னுதும்தான். என்னுதை நான் பாத்துக்கறேன். இன்னைக்கே அவ வீட்டுக்குப் போறேன், நீங்க கூட வர வேணாம்.” அதன் பிறகுதான் அவருக்குக் கோபம் வந்தது. மஞ்சள் கையை என் பக்கம் நீட்டி, “நான் இந்தத் தெருவுல பதினோரு வீட்டுக்குப் போயி யாதம்மா திருடின்னு சொல்லியிருக்கேன். நீங்க எல்லாத்தையும் எண்ணுவீங்கல்ல? எண்ணிக்கோங்க. பதினோரு வீடு. ஒவ்வொரு வீட்லயும் நீங்க போய்ச் சொல்லணும்” என்றார்.

மறுநாள் எங்கள் வீட்டுக்குத் தட்டு வந்தது. எண்ணவில்லை. மேலே கிடந்த முதல் இலையை மட்டும் திருப்பிப் பார்த்தேன்.

8

பதினோரு வீடு என்பது சுலபமில்லை. பந்தல் நாட்களில் ஆட்கள் வீட்டில் இருப்பதில்லை. இருந்தாலும் எப்படித் தொடங்குவது? ஒரு வீட்டில் என்னைச் சந்தா வாங்க வந்தவன் என்று நினைத்து, ‘ஏற்கெனவே குடுத்தாச்சு அங்கிள்’ என்றார்கள். சங்கச் செயலாளர் சிரித்துக்கொண்டே, “சோடியே அங்கிள், விடுங்க, ஒரு செடிதானே” என்றார். செடி இல்லை, ஆள் என்று விளக்கினேன். தலையாட்டினார். குழுவில் இருக்கும் படத்தை எடுத்துவிடச் சொன்னேன். ‘நல்ல படம் அங்கிள்’ என்றார். இன்னும் எடுக்கவில்லை. டாக்டர் வீட்டம்மா, “எது எப்படியோ, இந்த வேலைக்காரங்களை நம்ப முடியாது” என்றார். அங்கே மட்டும் நாற்பது நிமிடம் உட்கார்ந்து, நான் வேலைக்காரன் இல்லை, பொய் சொன்னவன் நான்தான் என்று மறுபடி முதலிலிருந்து சொன்னேன். வேறொரு வீட்டில், “யாதம்மாவா? அது யாரு?” என்று கேட்டார்கள். ஓராண்டுக்கு முன் திருடி என்று கேட்டுத் தலையாட்டியவர்கள்தான். எல்லாவற்றையும்விட அதுதான் கஷ்டமாக இருந்தது.

நேற்றுக் காலை ஏழு மணிக்கு யாதம்மா எங்கள் தெரு வழியாக யாப்ராலுக்குப் போனாள். என்னைப் பார்க்கவில்லை, நான் மாடியில் இருந்தேன். சுபத்ராம்மா வீட்டு மண்ணருகே ஒரு நிமிடம் நின்றாள். அங்கே இரண்டு கிளை புதிதாக நட்டிருக்கிறது. வாளி அவளிடமே இருக்கட்டும் என்று சுபத்ராம்மா சொல்லிவிட்டாராம்.

பதினைந்து நாட்களில் பத்து வீடுகளுக்குப் போய்ச் சொல்லிவிட்டேன். பதினோராவது வீடு, எங்கள் வீடு.

இங்கேதான் நாக்கு எழவில்லை. மானஸ்வி அறையில், அலமாரிக் கதவில், போன ஆண்டு பள்ளிக்காக அவள் செய்த அட்டை இன்னும் ஒட்டியிருக்கிறது. முகமூடி போட்ட ஒரு கிழவர் படம், கீழே பச்சை மையில் ‘214’. இந்த ஆண்டு மழையில் அவளுக்கு ஒரே ஒரு முறைதான் இரைத்தது. தாத்தா பிடுங்கியதால்தான் என்று தோழிகளிடம் சொல்கிறாள்.

தமிழ் படிக்கிற உங்களுக்கு இதை எழுத உட்கார்ந்தபோது, மனசுக்குள் நியாயமாகவே தோன்றியது. நம் ஊர்க்காரர்களிடம் சொல்லிவிட்டால் பாரம் குறையும் என்று. ஏழு பக்கம் எழுதிய பிறகுதான் உறைத்தது. என் மகனுக்கும் மருமகளுக்கும் தமிழ் பேச வரும், படிக்கத் தெரியாது. பேத்திக்குப் புரியும், பதில் வேறு மொழியில் வரும். நான் எழுதியதை இந்த வீட்டில் படிக்கக்கூடியவன் நான் ஒருவன்தான். நாலு நாளாகத் தமிழில் எழுதிக்கொண்டிருந்ததும் அதனால்தான்.

சற்று முன் மானஸ்வி வந்து நாற்காலியின் கைப்பிடியில் உட்கார்ந்தாள்.

“தாத்தா, வாட் ஆர் யூ ரைட்டிங்? ஃபோர் டேஸா ராஸ்தூனே உன்னாவு.” நாலு நாளாக எழுதிக்கொண்டே இருக்கிறாயே என்கிறாள்.

“ஒரு கணக்கு.”

“ஆஃப்கோர்ஸ்.” தாளை எட்டிப் பார்த்தாள். அவளுக்கு அதில் தெரிந்தவை எண்கள் மட்டும். பக்க ஓரத்தில் நான் பென்சிலில் போட்டிருந்த கூட்டலில் விரலை வைத்தாள். “இது நாது கதா? மை சார்ட்! டூ ஹண்ட்ரட் அண்ட் ஃபோர்ட்டீன்.”

“இல்லடா கண்ணு. இருநூத்திப் பன்னிரண்டு.”

அவள் என் முகத்தைப் பார்த்தாள். பிறகு, எப்போதோ ஒரு முறை வருகிற தமிழில் கேட்டாள்.

“மிச்சம் ரெண்டு?”